ஒரு ரேக் ரிப்ஸ் எத்தனை பேருக்குப் போதும்?

"அண்ணே, பத்துப் பேர் வர்றாங்க. ஆளுக்கு நாலு எலும்பு வச்சா சரியா இருக்குமா?"

கறி வெட்டும் மேசைக்கு எதிரே நின்று இப்படிக் கேட்பவர்கள் நிறையப் பேர். நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: "எந்த இடத்து எலும்பு?"

ரிப்ஸ் என்பது பன்றியின் விலாக் கறி. அந்த விலா முதுகுத்தண்டில் தொடங்கி நெஞ்சுவரை வளைந்து இறங்குகிறது. அதே விலாவின் மேல்பக்கம் ஒரு கறி, கீழ்ப்பக்கம் வேறொரு கறி. முதுகை ஒட்டியிருப்பது பேபி பேக் ரிப்ஸ். பெயரைக் கேட்டு, குட்டிப் பன்றியின் கறி என்று நினைத்துக்கொள்கிறார்கள். அப்படியில்லை. கீழ்ப்பக்க எலும்பைவிட நீளம் குறைவு, அவ்வளவுதான். நன்றாக வளைந்திருக்கும், கொழுப்பு குறைவு, சீக்கிரம் வேகும். ரேக் என்பது தனித்தனியாகப் பிரிக்காமல் சேர்ந்தே இருக்கும் விலா எலும்பு வரிசை; ஒரு முழு ரேக்கில் 10 முதல் 13 எலும்பு. எடை முக்கால் கிலோ முதல் ஒரு கிலோ வரை இருக்கும்.

அதற்குக் கீழே, வயிற்றுப் பக்கம் இருப்பது ஸ்பேர் ரிப்ஸ். எலும்பு நீளம், தட்டை. கொழுப்பும் ருசியும் கூடுதல். ரேக் ஒன்று ஒன்றேகால் கிலோவைத் தாண்டுவது சாதாரணம். ஆனால் அந்த எடையில் நெஞ்செலும்பும் குருத்தெலும்பும் சேர்ந்திருக்கும். அவற்றை வெட்டி நீள்சதுரமாக்கினால் அதுதான் செயின்ட் லூயிஸ் கட். வெட்டி எடுத்த துண்டுகளுக்கு ரிப் டிப்ஸ் என்று பெயர். தூக்கிப் போடாதீர்கள், மெதுவாக வேகவைத்தால் அருமையாக இருக்கும். கன்ட்ரி ஸ்டைல் ரிப்ஸ் என்று விற்பது தோள்பட்டைப் பக்கத்துக் கறி, பெயரில்தான் விலா. அதில் கிட்டத்தட்ட எல்லாமே சதை என்பதால் எலும்புக் கணக்கு அங்கே செல்லாது.

தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு விருந்துக்கு ஸ்பேர் ரிப்ஸ் கேட்டிருந்தார்கள். அன்று அது இல்லாததால் பேபி பேக் கொடுத்தேன். ஆளுக்கு நாலு எலும்பு என்ற கணக்கை மட்டும் மாற்றவில்லை. கடைசியாகச் சாப்பிட வந்தவர்களுக்குக் கறி இல்லை. அன்று இரவே உட்கார்ந்து எடை போட்டுப் பார்த்தேன். 12 எலும்புள்ள 900 கிராம் பேபி பேக்கில் நாலு எலும்பு 300 கிராம். அதே 12 எலும்புள்ள ஒன்றரைக் கிலோ ஸ்பேர் ரிப்ஸில் நாலு எலும்பு 500 கிராம்! அதிலிருந்து எலும்பை எண்ணுவதை விட்டுவிட்டேன், தராசுதான்.

எடையிலும் ஒரு விஷயம் இருக்கிறது. எலும்பு போக, வேகும்போது நீரும் கொழுப்பும் வடிந்தது போக, ஒரு கிலோ பச்சை ரிப்ஸில் வாய்க்குப் போவது ஏறக்குறைய 400 கிராம்தான். அதனால் ரிப்ஸே முக்கிய உணவு என்றால் ஒருவருக்கு எலும்போடு 450 கிராம் பச்சைக் கறி வைக்கச் சொல்கிறேன். பேபி பேக்கில் இது பெரும்பாலும் அரை ரேக். கூட வேறு உணவுகளும் நிறைய இருந்தால் 300 கிராம் போதும். சின்னப் பிள்ளைகளுக்கு இரண்டு மூன்று எலும்பு.

"நல்லா சாப்பிடுவாங்க, ஆளுக்கு ஒரு முழு ரேக் கொடுங்க" என்பவர்களிடம் நான் கொஞ்சம் தயங்கத்தான் செய்கிறேன். வெளுப்பாகத் தெரிந்தாலும் பன்றிக்கறியும் சிவப்பிறைச்சி வகைதான். உலகப் புற்றுநோய் ஆராய்ச்சி நிதியம் சமைத்த சிவப்பிறைச்சியை வாரத்துக்கு 350 முதல் 500 கிராமுக்குள் வைத்துக்கொள்ளச் சொல்கிறது. ஒரு முழு ரேக் தின்றால் அந்த வாரக் கணக்கு ஒரே வேளையில் ஏறக்குறைய தீர்ந்துவிடும். அரை ரேக் சாப்பிட்டுவிட்டுக் காய்கறிக்கும் வயிற்றில் இடம் விடுங்கள்.

வாங்கும்போது ரேக்கின் சதைப் பக்கத்தைப் பாருங்கள். எலும்பு வெள்ளையாக வெளியே பளிச்சென்று தெரிந்தால் சதையை ஒட்டச் சீவியிருக்கிறார்கள் என்று அர்த்தம். எடை சரியாக இருந்தாலும் கறி குறையும். அப்புறம், திருப்பிப் போட்டால் எலும்புப் பக்கம் மெல்லிய சவ்வு ஒன்று இருக்கும். கரண்டிக் காம்பை அடியில் விட்டு ஓரத்தைக் கிளப்பி, வழுக்காமல் இருக்கக் காகிதத் துண்டால் பிடித்து இழுத்தால் ஒரே உரியலில் வந்துவிடும். விட்டால் ரப்பர் மாதிரி பல்லில் மாட்டும்.

சரி, அந்தப் பத்துப் பேருக்கு? எல்லாரும் பெரியவர்கள் என்றால் ஐந்து ரேக் பேபி பேக். மூன்று பேர் பிள்ளைகள் என்றால் நாலு.