மலைக் கிராமத்துக்கு ரோடு, பள்ளி, குடிநீர்: வன உரிமைச் சட்டம் பிரிவு 3(2)-ஐப் பயன்படுத்துவது எப்படி

மலைக் கிராமத்தில் ரோடு, பள்ளிக்கூடம், குடிநீர்க் குழாய் என்று எதைக் கேட்டாலும் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: "இடம் ஃபாரஸ்ட்ல இருக்கு, டெல்லியில இருந்து அனுமதி வரணும்." கேட்டவர்கள் மனுவோடு திரும்பிவிடுகிறார்கள். நோயாளியை டோலி கட்டித் தூக்கி இறக்குவது தொடர்கிறது. சிறிய வேலைகளைப் பொறுத்தவரை இந்தப் பதில் சட்டப்படி தவறு. ஒரு ஹெக்டேருக்கும் குறைவான வனநிலம் போதும் என்றால், அனுமதி தரும் அதிகாரம் உங்கள் மாவட்ட வன அலுவலரிடமே (டி.எஃப்.ஓ) இருக்கிறது. அவருக்கு முதலில் வேண்டியது உங்கள் ஊர் கிராம சபையின் பரிந்துரை.

இதைச் சொல்வது 2006-ஆம் ஆண்டின் வன உரிமை அங்கீகாரச் சட்டம். 2007 டிசம்பர் 31 முதல் நடைமுறையில் உள்ளது. இந்தச் சட்டம் என்றதும் சாகுபடி நிலத்துக்கான தனிநபர் உரிமையும் சமூக வன உரிமையும்தான் நினைவுக்கு வரும். அவை பிரிவு 3(1)-இல் இருக்கின்றன. அதற்கு அடுத்த 3(2) அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. 1980-ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டத்தில் என்ன சொல்லியிருந்தாலும், அரசு நடத்தும் சில வசதிகளுக்கு வனநிலத்தை மாற்றித் தர வேண்டும் என்கிறது இந்த உட்பிரிவு.

எவற்றுக்குக் கேட்கலாம்

பதின்மூன்று வசதிகள் பட்டியலில் உள்ளன: பள்ளி, மருந்தகம் அல்லது மருத்துவமனை, அங்கன்வாடி, ரேஷன் கடை, மின்சார மற்றும் தொலைத்தொடர்புக் கம்பிகள், குளம் போன்ற சிறு நீர்நிலைகள், குடிநீர் வழங்கலும் குழாய்களும், மழைநீர் சேகரிப்பு அமைப்புகள், சிறு பாசன வாய்க்கால்கள், சூரிய மின்சாரம் போன்ற மரபுசாரா எரிசக்தி, தொழிற்பயிற்சி மையம், சாலை, சமுதாயக் கூடம். பட்டியலில் இல்லாத எதையும் இந்தப் பிரிவில் கேட்க முடியாது.

நிபந்தனைகள் நான்கு. வசதியை அரசு நிர்வகிக்க வேண்டும். தனியார் அறக்கட்டளை நடத்தும் பள்ளிக்கு இது பொருந்தாது. ஒவ்வொரு வேலைக்கும் வனநிலம் ஒரு ஹெக்டேருக்குக் குறைவாக இருக்க வேண்டும். வெட்ட வேண்டிய மரம் ஹெக்டேருக்கு 75-ஐத் தாண்டக் கூடாது. கிராம சபை பரிந்துரைத்திருக்க வேண்டும். ஊர்க்காரர்கள் தங்கள் நிலத்துக்கு முன்பே வன உரிமைப் பட்டா வாங்கியிருக்க வேண்டும் என்று இந்த உட்பிரிவில் எங்கும் இல்லை. பட்டா விஷயத்திலும் "கோர்ட் தடை இருக்கு" என்ற பழைய பதில் இனி செல்லாது. தமிழ்நாட்டில் பட்டா வழங்குவதற்கு 2008-இல் உயர் நீதிமன்றம் விதித்த கட்டுப்பாட்டை 2016-இல் உச்ச நீதிமன்றம் நீக்கிவிட்டது.

பழங்குடியினர் அல்லாதவர்களும் ஊரில் இருந்தால் என்ன செய்வது என்று பலர் கேட்கிறார்கள். கிராம சபை என்பது ஊரில் உள்ள வயது வந்த அனைவரும் சேர்ந்தது. பள்ளியும் ரோடும் எல்லோருக்கும் பொது. இதில் பிரிவினை தேவையில்லை.

ஒரு ஹெக்டேர் எவ்வளவு தூரம் போகும்

கோப்புகள் அதிகம் சிக்குவது இந்தக் கணக்கில்தான். ஒரு ஹெக்டேர் 10,000 சதுர மீட்டர். ரோட்டுக்கு 6 மீட்டர் அகலம் என்றால் 1,666 மீட்டர் நீளத்திலேயே ஒரு ஹெக்டேர் முடிந்துவிடும். 5 மீட்டர் என்றால் 2 கிலோமீட்டர். ஆனால் மலைச்சரிவில் தார் விழும் அகலம் மட்டும் கணக்கில்லை. மேல்பக்கம் மண் வெட்டும் சரிவு, கீழ்ப்பக்கம் மண் கொட்டும் சரிவு, ஓரக் கால்வாய், வளைவுகளில் கூடும் அகலம் எல்லாம் வனநிலம்தான். செங்குத்தான இடத்தில் இவை சேர்ந்து 9, 10 மீட்டர் வரை போய்விடும். அப்போது ஒரு கிலோமீட்டருக்கே ஒரு ஹெக்டேர் தீர்ந்துபோகும். எஸ்டிமேட்டில் தார் அகலமான 3.75 மீட்டரை மட்டும் போட்டு 0.6 ஹெக்டேர் என்று காட்டினால், ரேஞ்சர் வந்து டேப் பிடிக்கும்போது 1.3 வரும். கோப்பு திரும்பிவிடும், அந்த ஆண்டின் நிதியும் போய்விடும்.

ஆகவே முதலில் பார்க்க வேண்டியது, பாதை முழுவதும் உண்மையிலேயே வனநிலமா என்பது. வி.ஏ.ஓ-விடம் உள்ள 'அ' பதிவேட்டையும் புலப்பட வரைபடத்தையும் எடுத்து, எந்தப் புல எண் வருவாய்ப் புறம்போக்கு, எது பட்டா, எது காப்புக்காடு என்று பிரியுங்கள். நான்கு கிலோமீட்டர் பாதையில் காப்புக்காட்டுக்குள் வருவது 1,200 மீட்டர் மட்டும் என்று தெரியவந்தால், வனத்துறையிடம் கேட்க வேண்டியது அந்த 1,200 மீட்டருக்குத்தான். காடு வழியாகவே ஏழெட்டு கிலோமீட்டர் போக வேண்டிய ரோட்டுக்கு இந்தப் பிரிவு போதாது. அதைத் துண்டுதுண்டாக வெட்டி ஒவ்வொன்றையும் ஒரு ஹெக்டேருக்குள் காட்டும் யோசனையை நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம். ஒரே ரோடு ஒரே வேலைதான் என்ற ஆட்சேபணை வந்தால் எல்லாத் துண்டுகளும் சேர்ந்து நின்றுவிடும். நீண்ட ரோட்டுக்கு வனப் பாதுகாப்புச் சட்டத்தின் வழியேதான் போக வேண்டும். அதில் காட்டின் நிகரத் தற்போதைய மதிப்பைக் கட்டுவதும், இழக்கும் காட்டுக்கு ஈடாக மரம் வளர்ப்பதும் சேர்ந்து வரும்.

குழாய்க்கு இந்தப் பிரிவு மிகவும் தாராளமானது. 1 மீட்டர் அகலத்தில் பள்ளம் தோண்டினால் 9 கிலோமீட்டர் தூரத்துக்கும் ஒரு ஹெக்டேர் ஆகாது. ஊற்றிலிருந்து ஊருக்கு நீரிறக்கும் திட்டங்களை இன்னும் அதிகமாக இதில் கொண்டுவரலாம். 11 கே.வி மின்கம்பிக்கு வழக்கமாக 7 மீட்டர் அகலப் பாதை கணக்கிடப்படுகிறது. ஆகவே காட்டுக்குள் சுமார் 1,400 மீட்டர்தான் எல்லை. அதைத் தாண்டும் தொலைவில் இருக்கும் ஊருக்கு, ஊரிலேயே சூரிய மின்நிலையம் கேட்பது விரைவாக முடியும்.

மரக் கணக்கை விகிதமாகப் பாருங்கள். 0.4 ஹெக்டேர் கேட்டால் 30 மரம்தான் வெட்டலாம். கண்ணால் மதிப்பிட்டு எழுதாதீர்கள். பாதையின் இரு ஓரமும் கயிறு கட்டி, ஒவ்வொரு மரமாக எண்ணி, இனத்தையும் சுற்றளவையும் குறித்துக்கொள்ளுங்கள். எண்ணிக்கை கூடினால் பாதையைச் சற்று வளைத்துப் பாருங்கள். ஊர்ப் பெரியவர்களுக்குத் தெரிந்த பழைய ஒற்றையடிப் பாதையில் மரம் குறைவாகவே இருக்கும்.

கிராம சபைத் தீர்மானம்

வழக்கமான கிராம சபையில் போட்ட தீர்மானம் பல நேரம் இதற்குச் செல்லாது. வன உரிமைச் சட்ட விதிகளின்படி (2012-இல் திருத்தப்பட்டவை) கிராம சபை உறுப்பினர்களில் குறைந்தது பாதிப் பேர் வந்திருக்க வேண்டும். வந்தவர்களில் மூன்றில் ஒரு பங்காவது பெண்கள் இருக்க வேண்டும். ஊராட்சிகளின் சாதாரண கிராம சபைக்கு இதைவிட மிகக் குறைந்த வருகை போதும். மக்கள்தொகை 501 முதல் 3,000 வரை உள்ள ஊராட்சியில் 100 பேர் வந்தாலே கூட்டம் நடக்கும். அந்த நூறு பேரின் கையெழுத்தோடு போகும் தீர்மானத்தை வனத்துறை "கோரம் (குறைந்தபட்ச வருகை) இல்லை" என்று திருப்பினால் நம்மிடம் பதில் இருக்காது.

மலை ஊராட்சியில் இன்னொரு சிக்கலும் உண்டு. ஒரே ஊராட்சியில் பத்து, இருபது குக்கிராமங்கள் மலைமுகடுகளில் சிதறிக் கிடக்கும். எல்லோரையும் ஒரே இடத்தில் பாதிக்கு மேல் கூட்டுவது நடக்காத காரியம். அதனால்தான் குக்கிராம அளவில் கிராம சபை கூட்ட இந்தச் சட்டத்தின் வழிகாட்டுதல்கள் சொல்கின்றன. வருவாய்க் கிராமமாகப் பதிவாகாத குடியிருப்புகளின் பட்டியலை ஊராட்சிகள் தயாரிப்பதை மாநில அரசு உறுதிசெய்ய வேண்டும் என்பதும் விதி. உங்கள் குக்கிராமம் அந்தப் பட்டியலில் இருக்கிறதா என்று ஊராட்சிச் செயலரிடம் கேளுங்கள். இல்லையென்றால் சேர்க்கச் சொல்லி முதலில் மனுக் கொடுங்கள். இதைத் தள்ளிப் போடாதீர்கள்.

உதாரணத்துக்கு, 140 வயது வந்தோர் உள்ள குக்கிராமத்தில் 70 பேர் வேண்டும். சரியாக 70 பேர் வந்தால் அதில் 24 பெண்கள் இருக்க வேண்டும். கரும்பு வெட்டுக்கும் செங்கல் சூளைக்கும் கேரளத் தோட்ட வேலைக்கும் ஆட்கள் போயிருக்கும் மாதத்தில் கூட்டம் வைத்தால் இந்த எண்ணிக்கை தேறாது. ஊர்த் திருவிழாவுக்கு எல்லோரும் திரும்பும் வாரம் பொருத்தமானது. பெண்கள் விறகும் தண்ணீரும் எடுத்து முடிக்கும் நேரத்தைக் கேட்டு வையுங்கள்.

தீர்மானத்தில் "எங்கள் ஊருக்கு ரோடு போட்டுத்தர வேண்டும்" என்று மட்டும் எழுதினால் அது கோரிக்கையாகத்தான் எடுத்துக்கொள்ளப்படும். வனநிலத்தை மாற்றித் தரப் பரிந்துரைப்பதாக, அளவோடு இருக்க வேண்டும். இப்படி எழுதலாம்:

"…… வனச்சரகம், …… காப்புக்காட்டில், …… ஊர் முதல் …… ஊர் வரை 1,400 மீட்டர் நீளம், 6 மீட்டர் அகலம், மொத்தம் 0.84 ஹெக்டேர் வனநிலத்தை, சாலை அமைப்பதற்காக, வன உரிமை அங்கீகாரச் சட்டம் 2006, பிரிவு 3(2)-இன் கீழ் …… ஊராட்சி ஒன்றியத்துக்கு மாற்றித் தர இக்கிராம சபை பரிந்துரைக்கிறது. வெட்ட வேண்டிய மரங்கள் 41. கிராம சபையின் மொத்த உறுப்பினர்கள் 140, வந்திருந்தோர் 83, அவர்களில் பெண்கள் 37."

கீழே தேதி, இடம், வந்த ஒவ்வொருவரின் பெயர், கையெழுத்து அல்லது கைநாட்டு. மொத்த உறுப்பினர் எண்ணிக்கையை எழுத மறந்துவிடுவார்கள். அது இல்லாமல் பாதிப் பேர் வந்தார்களா என்று யாராலும் சரிபார்க்க முடியாது. ரோடு, குழாய், அங்கன்வாடி மூன்றும் வேண்டுமென்றால் ஒவ்வொன்றுக்கும் தனித் தீர்மானம் போடுங்கள். ஒரு ஹெக்டேர் வரம்பும் ஒவ்வொரு வேலைக்கும் தனித்தனிதான்.

கோப்பு போகும் வழி

ஊர்மக்கள் நேரடியாக விண்ணப்பிக்க முடியாது. வசதியை அமைக்கும் துறைதான் விண்ணப்பிக்க வேண்டும்: ஊராட்சி ரோட்டுக்கு வட்டார வளர்ச்சி அலுவலர் (பி.டி.ஓ) அலுவலகம், பள்ளிக்குக் கல்வித் துறை, கம்பிக்கு மின்வாரியம். ஆகவே தீர்மான நகலோடு முதலில் போக வேண்டிய இடம் அந்தத் துறை. பழங்குடியினர் விவகார அமைச்சகம் 2009 மே மாதம் வகுத்த நடைமுறைப்படி, துறை படிவம் 'ஏ'-இல் முன்மொழிவைத் தயாரித்து, தீர்மானத்தை இணைத்து வனச்சரகரிடம் (ரேஞ்சர்) தரும். ரேஞ்சர் எண்ணும் தேதியும் இட்டு, இடத்தைப் பார்த்து, மூன்று வாரத்துக்குள் தன் அறிக்கையை மாவட்ட வன அலுவலருக்கு அனுப்ப வேண்டும். அவர் நான்கு வாரத்துக்குள் கொள்கையளவில் ஒப்புதல் தர வேண்டும். இருவருக்கும் கருத்து வேறுபட்டால், மாவட்ட ஆட்சியர் தலைமையிலான மாவட்ட அளவிலான குழு இறுதி முடிவெடுக்கும். அனுமதி வந்தபின் ரேஞ்சர் நிலத்தை அளந்து எல்லை காட்டி ஒப்படைப்பார். மரம் வெட்டுவது வனத்துறையின் மேற்பார்வையில்தான்.

நிலத்துக்கான உரிமை கோரும் படிவங்களிலும் ஏ, பி, சி என்று உண்டு. தனிநபர் உரிமைக்கான படிவம் 'ஏ' வேறு, இந்தப் படிவம் 'ஏ' வேறு. மாற்றிக் கொடுத்ததால் சும்மா கிடக்கும் கோப்புகள் உண்டு.

துறை அலுவலகம் பழக்கத்தால் வனப் பாதுகாப்புச் சட்டத்தின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவேற்றிவிடுவதும் நடக்கும். அப்படியானால் கோப்பு மாவட்டத்தைத் தாண்டி மேலே போய் மாதக்கணக்கில் சுற்றும். முகப்புக் கடிதத்திலேயே "பிரிவு 3(2)-இன் கீழ்" என்று இருக்கிறதா என்று பாருங்கள்.

இந்தப் பிரிவு நிலத்தை மட்டும் தரும், பணம் தராது. பணம் ரோட்டுத் திட்டத்திலோ குடிநீர்த் திட்டத்திலோ இருந்து வர வேண்டும். தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் ஆகிய ஆறு சமூகங்களின் ஊர்களுக்கு, மிகவும் பின்தங்கிய பழங்குடிகளுக்கான மத்திய அரசின் பி.எம் ஜன்மன் திட்டம் ஒரு வழி. நிதி ஒதுக்கி, டெண்டர் விட்டு, அதன் பிறகு நிலம் தேடும் வரிசைதான் பெரும் ஆபத்து. மார்ச் நெருங்குகிறதே என்று ஒப்பந்ததாரர் அனுமதிக்கு முன்பே பொக்லைனை ஏற்றினால், வனக் குற்ற வழக்கும் இயந்திரப் பறிமுதலும் வரும். ரோடும் பாதியில் நிற்கும். நிலத்தை முதலில் முடியுங்கள். இயந்திரத்தால் மண் வெட்டத் தனிக் கட்டுப்பாடு உள்ள நீலகிரி போன்ற இடங்களில் ஆட்சியரின் அனுமதியையும் சேர்த்துக் கேளுங்கள்.

சரணாலயமும் தேசியப் பூங்காவும் இந்தச் சட்டத்தில் 'வனநிலம்' என்ற வரையறைக்குள் வருகின்றன. ஆனால் பிரிவு 3(2) தாண்டிச் செல்வது வனப் பாதுகாப்புச் சட்டத்தை மட்டும்தான். 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அந்த வரியில் இல்லை. ஆகவே சத்தியமங்கலம், ஆனைமலை போன்ற புலிகள் காப்பகங்களுக்குள் உள்ள ஊர்களில் வனவிலங்கு அனுமதி பற்றிய கேள்வி எழும். தொடக்கத்திலேயே காப்பகத் துணை இயக்குநரிடம் எழுத்தில் கேட்டுப் பதில் வாங்கி வையுங்கள்.

மூன்று வாரம் தாண்டியும் அறிக்கை போகவில்லை என்றால், மாவட்ட வன அலுவலருக்குக் கடிதம் எழுதி, ஆட்சியருக்கும் மாவட்டப் பழங்குடியினர் நல அலுவலருக்கும் நகல் அனுப்புங்கள். அதற்கும் அசையாவிட்டால் 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனு போடுங்கள். "ஏன் தாமதம்" என்று கேட்காதீர்கள். அதற்குப் பொதுவான பதில்தான் வரும். முன்மொழிவு எந்தத் தேதியில் பெறப்பட்டது, அதற்கு இட்ட எண் என்ன, தள ஆய்வு அறிக்கையின் நகல், கோப்பு இன்று யார் மேசையில் உள்ளது என்ற நான்கை மட்டும் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். மறுத்திருந்தால் காரணத்தை எழுத்தில் வாங்கி, அளவிலோ மரக் கணக்கிலோ உள்ள குறையைச் சரிசெய்து அதே துறை வழியாக மீண்டும் அனுப்பச் சொல்லுங்கள். பாதையும் அளவும் மாறியிருந்தால் பழைய தீர்மானத்தை ஒட்டி அனுப்பாமல், கிராம சபையைக் கூட்டிப் புதிதாகத் தீர்மானம் போட்டு அனுப்புங்கள்.