நிலத்தைத் தாங்கும் நீர்

2010 ஜனவரியில் அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் பதினோரு நாட்கள் தொடர்ந்து உறைபனி வாட்டியது. பிளான்ட் சிட்டி பகுதி விவசாயிகள் ஸ்ட்ராபெரிச் செடிகளைக் காப்பாற்ற, இரவெல்லாம் நிலத்தடி நீரை இறைத்து அவற்றின் மேல் தெளித்தார்கள். உறைபனியில் தண்ணீர் தெளிப்பதா என்று தோன்றலாம். நீர் பனிக்கட்டியாகும்போது வெப்பத்தை வெளிவிடுகிறது. இடைவிடாமல் தெளித்தால் அந்த வெப்பம் செடியைக் காக்கும். ஆனால் நிலத்தடி நீர்மட்டம் சுமார் 18 மீட்டர் இறங்கிவிட்டது. சுற்றுவட்டாரத்தில் 140க்கும் மேற்பட்ட இடங்களில் நிலம் திடீரென்று உள்வாங்கியது.

நிலநடுக்கம் வரவில்லை, யாரும் சுரங்கம் தோண்டவில்லை. தண்ணீரை எடுத்ததற்கா தரை விழுந்தது?

ஆம். அது ஏன் என்று புரிய, முதலில் அடியில் உள்ள வெற்றிடம் எப்படி வந்தது என்று பார்க்க வேண்டும். மழைநீர் காற்றிலிருந்தும், அதைவிட அதிகமாக மண்ணிலிருந்தும் கரியமில வாயுவை எடுத்துக்கொண்டு மென்மையான அமிலமாகிறது. சோடாவில் இருப்பதும் இதே கார்பானிக் அமிலம்தான். சுண்ணாம்புப் பாறையின் விரிசல்களில் இது இறங்கி, பாறையைக் கரைத்து, பல்லாயிரம் ஆண்டுகளில் குகைகளையும் குழாய் போன்ற வழிகளையும் உண்டாக்குகிறது.

குகையின் பாறைக் கூரை இடிந்து விழுவதால்தான் பள்ளம் வருகிறது என்று பலரும் நினைக்கிறார்கள். அது அரிதாகவே நடக்கிறது. பாறை அப்படியே நிற்கும். அதன் மேலே கிடக்கும் மண்தான் விரிசல் வழியே சிறிது சிறிதாகக் குகைக்குள் வடிகிறது. மேலே இருப்பது மணலானால் ஆபத்து குறைவு. குதிரின் அடியில் துளை விழுந்தால் மேலே தானியம் குழிவது போல, தரையும் மெதுவாகக் குழிந்து முன்கூட்டியே காட்டிக்கொடுத்துவிடும். களிமண் அப்படியல்ல. அது ஒட்டிப் பிடித்து, வளைவுக் கூரை போல நிற்கும். அடியிலிருந்து ஒவ்வொரு கட்டியாக உதிர, வெற்றிடம் மேல்நோக்கி ஏறிக்கொண்டே வருகிறது. மேலே புல் வளரும், மாடு மேயும், டிராக்டர் ஓடும். ‘ஒரே இரவில் தோன்றிய பள்ளம்’ என்று செய்தி வரும் நாளில் நடப்பது, பல ஆண்டு வேலையின் முடிவில், மிஞ்சிய கடைசி ஓர் அடி மண் விழுவது மட்டுமே.

அந்தக் கூரையை அதுவரை தாங்கியதில் பெரும் பங்கு நீருக்கு உண்டு. பொந்தை நிறைத்திருக்கும் நீரின் அழுத்தம் கீழிருந்து முட்டுக் கொடுக்கிறது. நீர்மட்டம் 18 மீட்டர் இறங்கினால், ஒவ்வொரு சதுர மீட்டருக்கும் ஏறக்குறைய 18 டன் எடைக்கு நிகரான முட்டு போய்விடக்கூடும். நீண்ட வறட்சிக்குப் பிறகு பெருமழை பெய்யும்போதும் இதே ஆபத்துதான்: முட்டு ஏற்கெனவே இல்லை, ஊறிய மண்ணின் எடையும் கூடிவிடுகிறது. பழி மழையின் மேல் விழுகிறது. துருக்கியின் கோன்யா சமவெளியில் பாசனத்துக்காக நிலத்தடி நீரை இறைத்து இறைத்து, கராபினார் வட்டார வயல்களில் இத்தகைய பள்ளங்கள் பெருகியிருக்கின்றன.

உப்பு, சுண்ணாம்புக் கல்லைவிட மிக வேகமாகக் கரையும். அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தின் பேயூ கார்ன் என்ற சிற்றூரில், உப்புக்காக நிலத்தடியில் குடையப்பட்ட குகை ஒன்றின் பக்கச்சுவர் உடைந்தது. 2012 கோடையில் முதலில் நீரோடையில் குமிழிகள் வந்தன. பிறகு சிறு நில அதிர்வுகள். ஆகஸ்ட் 3 அன்று சதுப்புக் காடு உள்ளே போனது. சுமார் 350 பேரை வெளியேறச் சொன்னார்கள். பள்ளம் பின்னர் 30 ஏக்கருக்கும் மேல் விரிந்தது. மறு ஆண்டு எடுத்த காணொளியில், உயர்ந்த மரங்கள் நின்றபடியே நீருக்குள் இறங்குகின்றன. அதைப் பார்த்தபின் மறப்பது கடினம்.

பள்ளம் திறந்தவுடன் எட்டிப் பார்க்கப் போவது மிக மோசமான தவறு. செங்குத்தான மண்சுவர் நிலைக்காது. சரிவாக மாறும் வரை இடிந்துகொண்டே இருக்கும். மெக்சிகோவின் பூயெப்லா மாநிலத்தில், சாந்தா மரியா சகாத்தெபெக்கில் 2021 மே மாத இறுதியில் வயலில் சில மீட்டர் அகலத்தில் திறந்த பள்ளம், சில வாரங்களில் 100 மீட்டரைத் தாண்டியது. விளிம்பை ஒட்டியிருந்த வீட்டின் சுவர்கள் இடிந்து விழுந்தன.

முன்னறிகுறிகள் சில உண்டு. வேலிக்கால் சாய்வது, கதவு திடீரென்று இறுகுவது, செடிகள் வட்டமாக வாடுவது, மழைநீர் புதிய இடத்தில் தேங்குவது. இவற்றுக்கெல்லாம் வேறு காரணங்களும் இருக்கலாம். தெளிந்திருந்த கிணற்று நீர் காரணமில்லாமல் கலங்கினால் மட்டும் நான் அலட்சியம் செய்யமாட்டேன். அடியில் எங்கோ மண் நகர்கிறது என்பதற்கு அது அடையாளமாக இருக்கலாம்.

சிறிய பள்ளமானாலும் மண்ணை மட்டும் கொட்டி மூடினால், அந்த மண்ணும் வந்த வழியே போய்விடும். அடியிலுள்ள வாய் தெரியும் வரை இயந்திரத்தால் தோண்டி, அதில் பெரிய பாறைகளை இட்டு, மேலே மேலே சிறு கல், ஜல்லி, மணல் என்று அடுக்கி, கடைசியில் மேல்மண்ணால் மூட வேண்டும். நீர் இறங்கும், மண் இறங்காது. கிராமங்களில் இந்தக் குழிகளைக் குப்பை கொட்ட வசதியான இடமாகக் கருதுவது உலகெங்கும் உண்டு. மண்ணில் வடிகட்டப்படாமல் நேரே நிலத்தடி நீருக்குப் போகும் திறந்த குழாய் அது. அங்கே கொட்டிய பூச்சிமருந்து டப்பாவில் மிஞ்சியது, சில நாட்களில் பக்கத்து வீட்டுக் கிணற்றில் இருக்கக்கூடும்.