கம்பெனியை அப்படியே விட்டுவிடலாமா?

"கம்பெனி ஓடவில்லை சார், அப்படியே விட்டுவிட்டேன். அரசாங்கமே பதிவேட்டிலிருந்து பெயரை எடுத்துவிடுமாமே?" கம்பெனி செக்ரட்டரிகளுக்குப் பழகிப்போன கேள்வி இது. எடுத்துவிடும்தான். அதற்குப் பிறகு நம் தலையில் என்ன மிச்சமிருக்கும் என்பதைத்தான் யாரும் கேட்பதில்லை.

கம்பெனி என்பது சட்டம் கொடுத்த உயிர். அதைப் பறிக்கவும் 2013ஆம் ஆண்டின் கம்பெனிகள் சட்டத்தில் வழி இருக்கிறது. மோசடி செய்பவர்களுக்கு பிரிவு 271. மோசடிக்காகவே தொடங்கியது, மோசடியாகவே நடத்தியது, நாட்டின் இறையாண்மைக்கு எதிராகச் செயல்பட்டது போன்ற காரணங்களுக்காகக் கம்பெனியையே கலைக்கலாம். ஆனால் கம்பெனி விவகார அமைச்சகம் நினைத்த மாத்திரத்தில் உத்தரவு போட்டு முடித்துவிட முடியாது. தேசியக் கம்பெனி சட்டத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும், எதிர்த்தரப்பின் வாதமும் கேட்கப்படும். இஸ்ரோவின் வணிக நிறுவனமான ஆன்ட்ரிக்ஸோடு 2005இல் ஒப்பந்தம் போட்ட தேவாஸ் மல்டிமீடியா இப்படித்தான் கலைக்கப்பட்டது. தீர்ப்பாயம் உத்தரவிட்டது 2021 மே மாதம். உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது 2022 ஜனவரியில்.

நம்மைப் போன்றவர்களைத் தொடுவது பிரிவு 248. தொடர்ந்து 2 நிதியாண்டுகள் தொழில் நடக்கவில்லை, செயலற்ற கம்பெனி (தொழில் நடக்காமலே பதிவேட்டில் தொடர்வது) என்ற தகுதிக்கும் விண்ணப்பிக்கவில்லை என்றால் கம்பெனிகள் பதிவாளரே பெயரை நீக்கலாம். இதற்குத் தீர்ப்பாயம் தேவையில்லை. பெரிய மோசடிக்கு நீண்ட விசாரணை, சும்மா கிடந்த கம்பெனிக்குத் தபாலில் ஒரு நோட்டீஸ்! 2017இல் மட்டும் 2 லட்சத்துக்கும் மேற்பட்ட கம்பெனிகளின் பெயர்கள் இப்படி நீக்கப்பட்டன.

அந்த நோட்டீஸுக்கு 30 நாளில் பதில் சொல்ல வேண்டும். பதிவேட்டில் என்ன முகவரி இருக்கிறதோ அங்கேதான் அது போகும். அதுவோ எப்போதோ காலி செய்த வாடகை அறையாக இருக்கும். டைரக்டரும் வீடு மாறியிருப்பார், பதிவேட்டில் மாற்றியிருக்க மாட்டார். கடைசியில் வங்கியில் பணம் எடுக்கப் போகும்போதுதான் விஷயமே தெரியவரும்.

சரி, பெயர் போனால் தொல்லை விட்டது என்றும் இருந்துவிட முடியாது. வர வேண்டியதை வசூலிக்கவும் கொடுக்க வேண்டியதைக் கொடுக்கவும் தவிர, பதிவுச் சான்றிதழ் ரத்தானதாகவே கருதப்படும். டைரக்டர்களின் பொறுப்போ கம்பெனி கலையாதது போலவே தொடரும். தொடர்ந்து 3 நிதியாண்டுகள் கணக்கோ ஆண்டறிக்கையோ தாக்கல் செய்யாமல் விட்டிருந்தால், பிரிவு 164இன்படி 5 ஆண்டுகளுக்கு வேறு எந்தக் கம்பெனியிலும் டைரக்டராக நியமிக்கப்பட முடியாது. நன்றாக ஓடும் இன்னொரு கம்பெனி கையில் இருப்பவருக்கு இதுதான் பெரிய அடி.

பெயரை மீட்கவும் வழி உண்டு. அரசிதழில் அறிவிப்பு வந்த 20 ஆண்டுகளுக்குள் கம்பெனியோ பங்குதாரரோ கடன் கொடுத்தவரோ தொழிலாளியோ தீர்ப்பாயத்தை அணுகலாம். ஆனால் தொழில் நடந்துகொண்டிருந்தது என்பதைக் காட்ட வங்கிக் கணக்கு விவரம், ஜி.எஸ்.டி. தாக்கல், வருமான வரிக் கணக்கு என்று ஏதாவது கையில் இருக்க வேண்டும். மீட்ட பிறகு விட்டுப்போன ஆண்டுகளுக்கெல்லாம் தாக்கல் செய்தாக வேண்டும். தாமதக் கட்டணம் ஒரு படிவத்துக்கு நாளொன்றுக்கு 100 ரூபாய். கூட்டிப் பார்த்துவிட்டு மனுவே வேண்டாம் என்று எழுந்து போகிறவர்களும் உண்டு.

தொழிலை முடித்துக்கொள்வதென்று தீர்மானித்துவிட்டால், கடன்களைத் தீர்த்துவிட்டு பெயரை நீக்கச் சொல்லி நீங்களே எஸ்.டி.கே.-2 படிவத்தில் விண்ணப்பியுங்கள். பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றால் பிரிவு 455இன்படி செயலற்ற கம்பெனி என்ற தகுதியையாவது வாங்கி வையுங்கள். எதுவானாலும், கம்பெனி விவகார அமைச்சகத்தின் இணையதளத்தில் உங்கள் கம்பெனியின் நிலையையும் முகவரியையும் இன்றைக்கே ஒருமுறை பார்த்துவிடுங்கள்.