ரிப்பன் மைக்கும் ஆக்னஸ் மூர்ஹெட்டின் அலறலும்

1943 மே 25 அன்று அமெரிக்காவின் சிபிஎஸ் வானொலியில் 'சாரி, ராங் நம்பர்' என்ற அரைமணி நேர நாடகம் நேரலையில் போனது. படுத்த படுக்கையாக இருக்கும் ஒரு பெண் கணவனுக்கு போன் போடுகிறாள். லைன் மாறி, ஒரு கொலைத் திட்டம் காதில் விழுகிறது. ஏறக்குறைய முழு நேரமும் பேசுவது, அந்தப் பெண்ணாக நடித்த நடிகை ஆக்னஸ் மூர்ஹெட்தான். அவர் நம் பக்கத்தில் இருப்பதாகவும், மற்றவர்கள் கம்பியின் மறுமுனையில் இருப்பதாகவும் கேட்பவருக்குத் தோன்ற வேண்டும்.

மறுமுனைக் குரல்களுக்கு வழி எளிது. அவர்களது மைக்கை ஒரு ஃபில்டர் வழியாக விட்டு, சுமார் 300 முதல் 3,000 ஹெர்ட்ஸ் வரை மட்டும் அனுப்புவார்கள். கீழே வெட்டினால் நெஞ்சின் கனம் போய்விடும்; மேலே வெட்டினால் 'ஸ', 'ஃப' மழுங்கிவிடும். காது உடனே 'இது போன்' என்று சொல்லிவிடும்.

நாயகியின் குரல்தான் கடினமான வேலை. அந்தக் கால ஸ்டூடியோக்களில் பரவலாக இருந்தது ஆர்சிஏ 44 ரிப்பன் மைக். காந்தத்தின் இரு முனைகளுக்கு நடுவே, மடிப்பு மடிப்பாக நெளித்த அலுமினியப் பட்டை ஒன்று தொங்கும். தடிமன் சில மைக்ரான்தான். காற்று அசையும்போது பட்டையும் அசைந்து, மிகச் சிறிய மின்னழுத்தம் பிறக்கும். முன்னாலிருந்தும் பின்னாலிருந்தும் வரும் ஒலி நன்றாகப் பதியும். பக்கவாட்டிலிருந்து வருவது பட்டையின் இரு முகங்களிலும் ஒரே அளவில் அழுத்துவதால் பட்டை அசையாது. எனவே அறையை விட்டுப் போவதாகக் காட்ட நடிகர் நடந்து போக வேண்டியதில்லை, மைக்கின் பக்கவாட்டுக்கு நகர்ந்தாலே போதும்.

நெருங்கினால் குரலின் கனத்த அடியோசை கூடும். இந்த வகை மைக்கில் அது தூக்கலாகத் தெரியும். உதட்டருகே முணுமுணுத்தால் நம் தலையணையில் பேசுவதுபோலக் கேட்கும். ஆனால் 'ப' வல்லோசையின் காற்று நேராகப் பட்டால் பட்டை இழுபட்டு நீண்டுவிடும். அதனால் சற்றுச் சாய்வாகப் பேச வேண்டும். அலறலுக்கு ஓரடி பின்வாங்கி முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் ஆம்ப்ளிஃபையர் தாங்காமல் ஒலி கரகரவென்று உடையும். நேரலையில் திருத்த வழியில்லை. பொறியாளர் மீட்டர் முள்ளைப் பார்த்து ஒலியளவைக் குறைத்தாலும் முதல் நொடி கைநழுவிப் போயிருக்கும். வசனத் தாளில் கிளிப் இருக்கக் கூடாது. படித்த பக்கத்தை ஓசையின்றித் தரையில் நழுவவிடுவதும் நடிப்பில் சேர்த்திதான்.

தொலைக்காட்சியில் இந்தக் கணக்கு மாறியது. மைக் ஃபிரேமுக்கு வெளியே, தலைக்கு மேலே ஒரு கம்பில் தொங்கியது. தூரத்தைத் தீர்மானிப்பது நடிகர் கையில் இல்லை. அணுக்க முணுமுணுப்பின் கனமும் கிடைக்காது. பின்னாளில் 'பிவிட்ச்ட்' தொடரின் எண்டோராவாக (1964–72) பலரும் மூர்ஹெட்டை அறிந்தார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது 1961இல் 'ட்விலைட் ஸோன்' தொடரில் வந்த 'தி இன்வேடர்ஸ்'. குரலால் பெயரெடுத்தவருக்கு அதில் ஒரு வசனம்கூடக் கிடையாது. மூச்சிரைப்பு, முனகல், அலறல், கையில் ஒரு கோடரி, அவ்வளவே.