நஞ்சு, விஷம், 'மருந்து': பாய்சனுக்கு எது சரியான தமிழ்?

"பெரியப்பா மருந்து குடிச்சிட்டாரு" என்று ஊரிலிருந்து ஃபோன் வந்தபோது என் தம்பி கேட்டது: "சரி, அதுக்கென்ன? எந்த டாக்டர் கொடுத்தது?" அவன் சென்னையிலேயே பிறந்து வளர்ந்தவன், அவனுக்கு மருந்து என்றால் மருந்துதான். ஊர்க்காரர்களுக்கு அந்த வாக்கியத்துக்கு விஷம் குடித்துவிட்டார் என்பதைத் தவிர வேறு அர்த்தமே கிடையாது. அம்மா அதற்குள் பையில் இரண்டு புடவையைத் திணித்துக்கொண்டிருந்தாள்.

உண்மையில் அன்று நடந்தது தம்பியின் கேள்விக்குத்தான் பக்கத்தில் இருந்தது. பெரியப்பா வேண்டுமென்று எதையும் குடிக்கவில்லை. கொல்லையில் நாலு கத்தரிச் செடிக்கு அடிக்கப் பக்கத்துக் காட்டுக்காரரிடம் கொஞ்சம் பூச்சி மருந்து கேட்டு வாங்கி, காலி இருமல் டானிக் பாட்டிலில் ஊற்றி, சமையல்கட்டு அலமாரியில் வைத்திருக்கிறார்கள். ராத்திரி கரண்ட் இல்லை, இவருக்கு இருமல். "அந்த மருந்து எங்கே?" என்றிருக்கிறார். "அலமாரியிலதான் இருக்கு மருந்து" என்று உள்ளிருந்து பதில். கேட்டவர் ஒன்றைக் கேட்டார், சொன்னவர் இன்னொன்றைச் சொன்னார், நடுவில் ஒரே சொல். ஒரு மூடி அளவு வாயில் ஊற்றிய பிறகுதான் நாற்றம் தெரிந்து துப்பியிருக்கிறார், கொஞ்சம் உள்ளே போய்விட்டது. பிழைத்துக்கொண்டார், ஆறு நாள் ஆஸ்பத்திரி.

அன்றிலிருந்து இந்தச் சொல்லின் மேல் எனக்கு ஒரு கண்.

பாய்சன் என்ற ஆங்கிலச் சொல்லின் கதையும் கிட்டத்தட்ட இதேதான். லத்தீனில் 'போட்டியோ' என்றால் குடிப்பது, பானம், அவ்வளவுதான். அது பழைய பிரெஞ்சுக்குப் போய் 'பாய்சன்' ஆனது. அங்கே முதலில் பானம், பிறகு மருந்துக் குடிநீர், அப்புறம் யாருக்கோ ரகசியமாகக் கலந்து கொடுக்கும் பானம். ஆங்கிலத்தில் வந்து சேர்ந்தபோது நஞ்சு என்ற அர்த்தம் மட்டும் ஒட்டிக்கொண்டது. அதே லத்தீன் சொல்லின் இன்னொரு பிள்ளையான 'போஷன்' நல்ல பெயரோடு மருந்துக் கஷாயமாகவே நின்றுவிட்டது.

ஜெர்மன்காரர்கள் நஞ்சைக் 'கிஃப்ட்' என்பார்கள். ஆமாம், ஆங்கிலத்தில் பரிசு என்கிறோமே அதே சொல்தான், அடிப்பொருள் 'கொடுத்தது'. டோஸ் என்ற கிரேக்கச் சொல்லுக்கும் 'கொடுப்பது' என்றுதான் பொருள். ஆன்டிடோட் என்றால் எதிராகக் கொடுப்பது. ஆக டோஸ், கிஃப்ட், ஆன்டிடோட் மூன்றுமே 'கொடு' என்ற கருத்தில் முளைத்தவை. நம்மிடம் மட்டும் இல்லையா என்ன? 'மருந்து வச்சுட்டாங்க', 'இடுமருந்து' என்று கிராமத்தில் சொல்வதை நினைத்துப் பாருங்கள். மாப்பிள்ளை மாமியார் வீட்டிலேயே கிடக்கிறான் என்றால் அவனுக்கு மருந்து இட்டுவிட்டார்கள். இடு, கொடு, வை. உணவில் யாரோ எதையோ கலந்துவிடுவார்கள் என்ற பயம் எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் சொல்லாகியிருக்கிறது.

டாக்சிக் என்பதன் வேர் வில். கிரேக்கத்தில் 'டாக்சோன்' என்றால் வில், அம்பு முனையில் தடவும் நஞ்சு 'டாக்சிகோன்'. வில் காணாமல் போய் நஞ்சு மட்டும் மிஞ்சியது. இன்று பிடிக்காத மேனேஜரையும் டாக்சிக் என்கிறோம், அது வேறு கதை.

தமிழுக்கு வருவோம். நம்மிடம் இருப்பது முக்கியமாக இரண்டு: நஞ்சு, விஷம்.

நஞ்சு திராவிடச் சொல். கன்னடத்திலும் நஞ்சு, துளுவில் நஞ்சி, மலையாளத்தில் நஞ்ஞு. மைசூர்ப் பக்கத்து நஞ்சன்கூட்டில் இருக்கும் சாமி நஞ்சுண்டேஸ்வரர், நம் நீலகண்டர்தான். 'நஞ்ஞெந்தினு நாநாழி' என்று மலையாளத்தில் ஒரு பழமொழி உண்டு. நஞ்சுக்கு நாலு நாழி எதற்கு, துளி போதாதா என்று பொருள். அதற்கு மறுபக்கம் நம்முடைய 'அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு'. அளவுதான் ஒன்றை நஞ்சாக்குகிறது என்று 16-ஆம் நூற்றாண்டில் பாராசெல்சஸ் என்ற ஐரோப்பிய மருத்துவர் எழுதியதை நச்சியல் பாடப் புத்தகங்கள் முதல் பக்கத்தில் போடுவார்கள். நமக்கு அது பாயசம் பரிமாறும்போது பாட்டி சொல்லும் வசனம்.

இலக்கணம் கொஞ்சம். மருந்து மருத்துவர் ஆவது போல, இரும்பு இருப்புப்பாதை ஆவது போல, நஞ்சு இன்னொரு பெயரோடு சேரும்போது நச்சு ஆகும். நச்சுப்பாம்பு, நச்சுக்காய். இதில் ஒரு வேடிக்கை, நச்சு என்று விரும்புவதைக் குறிக்கும் வினையும் தமிழில் இருக்கிறது. உரையாசிரியர் நச்சினார்க்கினியர் பெயரில் இருப்பது அதுதான், யாரும் பயப்பட வேண்டாம். வள்ளுவர் 1008-ஆம் குறளில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து விளையாடுகிறார்: யாராலும் 'நச்சப்படாதவன்' செல்வம் ஊர் நடுவே 'நச்சு மரம்' பழுத்தது போல. நண்பர் கையால் கொடுத்தால் நஞ்சையும் உண்பார்கள் நாகரிகம் உள்ளவர்கள் என்று நற்றிணையும் சொல்கிறது, குறளும் சொல்கிறது. ஆக நஞ்சு நமக்கு ஈராயிரம் வருஷப் பழக்கம்.

விஷம் வடமொழி. தேவாரத்தில் விடம் என்று தமிழ் உடுப்பில் வரும், 'விடமுண்ட கண்டன்'. இதற்கு ஐரோப்பாவில் ஒரு பங்காளி இருக்கிறான்: லத்தீனின் வைரஸ். அங்கே அந்தச் சொல்லுக்கு முதலில் நஞ்சு, நச்சுக் குழம்பு என்றுதான் அர்த்தம், கிருமி என்பது மிகப் பிந்தியது. வைரஸுக்கு நச்சுயிரி என்று தமிழில் பெயர் வைத்தவர்கள் வேரைத்தான் தொட்டிருக்கிறார்கள். விஷக் காய்ச்சல் என்று சொல்லிவந்த கிழவிகள் இந்த ஆராய்ச்சி எதுவும் செய்யவில்லை.

இப்போது சிக்கலான இடம். பாய்சன் என்பதற்கு நஞ்சு போதும். 'பாய்சனிங்' என்றால்?

ஆங்கிலம் எல்லாவற்றையும் ஒரே மூட்டையில் கட்டுகிறது. குழந்தை தெரியாமல் மண்ணெண்ணெய் குடித்தாலும், ஒருவர் மனம் வெறுத்துத் தானே குடித்தாலும், சொத்துக்காக இன்னொருவர் சாப்பாட்டில் கலந்தாலும், பேட்டரிப் பட்டறையில் வேலை பார்ப்பவர் உடம்பில் வருஷக்கணக்காக ஈயம் சேர்ந்தாலும் பாய்சனிங்தான். தமிழ் வினை அப்படி விடாது, யார் செய்தார் என்று கேட்கும். நஞ்சுண்டான் என்றால் தானே உண்டது. நஞ்சூட்டினான் என்றால் அடுத்தவன் கொடுத்தது, இது கொலை வழக்கு. நஞ்சேறியது என்றால் யார் மேலும் பழி இல்லை, உடம்பில் ஏறிவிட்டது, அவ்வளவுதான். மொழிபெயர்ப்பாளர்கள் இதைக் கவனிக்காமல் 'ஈய நஞ்சூட்டல்' என்று எழுதும்போது எனக்குச் சிரிப்பு வரும், ஈயம் யாருக்கு ஊட்டியது? பொதுச் சொல்லாக நஞ்சேற்றம்தான் பொருந்தும் என்பது என் கட்சி. தற்செயல் நஞ்சேற்றம், ஈய நஞ்சேற்றம். ஃபுட் பாய்சனை மட்டும் விட்டுவிடலாம், 'நேத்து பரோட்டா சாப்ட்டு ஃபுட் பாய்சன் ஆயிடுச்சு' என்பதை மாற்ற யாராலும் முடியாது.

தானே உண்ட வழக்குகளில்தான் ஊர் 'மருந்து குடிச்சிட்டாங்க' என்று மெல்லச் சொல்லும். முன்பு 'பாலிடால் குடிச்சிட்டாங்க' என்பார்கள். அது பாரத்தியான் என்ற பூச்சிக்கொல்லியின் வணிகப் பெயர், கம்பெனிப் பெயரே பொதுப்பெயராகிவிட்டது. தெரியாமல் உயிர் போனதிலும் அதற்குப் பங்குண்டு: 1958-ல் கேரளத்தில் பாரத்தியான் கலந்த கோதுமை மாவைச் சாப்பிட்டு 100 பேருக்கு மேல் இறந்தார்கள். மாவும் பூச்சிக்கொல்லியும் ஒரே கப்பலில் வந்திருந்தன. அதன் விளைவுதான் 1968-ன் பூச்சிக்கொல்லிச் சட்டம். டப்பாவில் பார்க்கும் சாய்சதுரக் குறி அதன் விதிகளில் வந்தது, சிவப்பு என்றால் மிகக் கடுமை, பிறகு மஞ்சள், நீலம், பச்சை என்று இறங்கும். சட்டம் அழகாகப் பூச்சிக்'கொல்லி' என்கிறது, கடைக்காரர் மருந்து என்கிறார், வாங்குபவரும் மருந்து என்கிறார், பாட்டில் மாறும்போது அந்தச் சிவப்புக் குறி பழைய பாட்டிலோடு குப்பைக்குப் போய்விடுகிறது.

இதே மாதிரி இன்னொரு ஏமாற்றுப் பெயர் கொங்குப் பக்கத்துச் 'சாணி பவுடர்'. சாணியே இல்லாமல் வாசல் தெளிக்கப் பயன்படுத்திய சாயம் அது. பெயரில் மாட்டுக் கொட்டகை வாசனை, உள்ளே இருப்பது ரசாயனம்.

இலங்கையில் இந்த விஷயத்தில் ஒரு பெரிய பாடம் நடந்தது. 1990-களின் நடுவில் அங்கே தற்கொலை லட்சம் பேருக்கு 47 என்ற அளவில், உலகிலேயே மிக அதிகமான நாடுகளில் ஒன்றாக இருந்தது, பெரும்பாலும் பூச்சிக்கொல்லி. கடுமையான ரகங்களை ஒவ்வொன்றாகத் தடை செய்தார்கள், இருபது வருஷத்தில் விகிதம் ஏறக்குறைய 70 சதவீதம் இறங்கியது. விவசாய விளைச்சல் விழவில்லை. சண்டை, அவமானம், கடன் எல்லாம் அப்படியேதான் இருந்தன, அந்த அரைமணி நேரக் கொதிப்பில் கைக்கு எட்டும் இடத்தில் இருந்தது மட்டும் மாறியது. அப்படி ஒரு கொதிப்பில் இருப்பவர், இல்லை பக்கத்தில் இருப்பவர், இதைப் படித்தால் மனநல உதவிக்கான எண்கள் இருக்கின்றன: 14416 டெலி மானஸ், தமிழ்நாட்டில் 104, தமிழிலேயே பேசலாம்.

சரி, பாய்சன் கன்ட்ரோல் சென்டர், அதாவது நஞ்சு உள்ளே போய்விட்டால் என்ன செய்வது என்று ஃபோனில் சொல்லும் இடம். முதல் மையம் 1953-ல் சிகாகோவில். அதற்கு முன்பே அங்கே ஒரு மருத்துவமனையில் லூயிஸ் க்டால்மன் என்ற மருந்தாளுநர் எந்தப் பாலிஷில் என்ன, எந்த எலிப் பாஷாணத்தில் என்ன என்று அட்டை அட்டையாகக் குறித்து வைத்துக்கொண்டு டாக்டர்களுக்கு ஃபோனில் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். அந்த அட்டைப் பெட்டிதான் மையத்தின் விதை. இன்று அமெரிக்காவில் எந்த ஊரிலிருந்து அழைத்தாலும் ஒரே எண், பெரும்பாலான வழக்குகள் ஆஸ்பத்திரிக்கே போகாமல் வீட்டிலேயே முடிகின்றன. 1971-ல் பிட்ஸ்பர்க்கில் மண்டை ஓட்டுக் குறியைக் கைவிட்டு, நாக்கை நீட்டி முகம் சுளிக்கும் பச்சை மூஞ்சி ஸ்டிக்கர் ஒன்றை உண்டாக்கினார்கள். மண்டை ஓட்டைப் பார்த்தால் அந்த ஊர்ப் பிள்ளைகளுக்குக் கடற்கொள்ளையர் ஞாபகமும் 'பைரேட்ஸ்' என்ற உள்ளூர் பேஸ்பால் அணி ஞாபகமும் வந்து குஷியாகிவிட்டதாம்.

தமிழில் 'நச்சுக் கட்டுப்பாட்டு மையம்' என்று எழுதுகிறார்கள். படித்தால் லைசென்ஸ் கொடுக்கும் அலுவலகம் மாதிரி இருக்கிறது. 'நச்சு மையம்' என்று சுருக்கினால் இன்னும் மோசம், அங்கேதான் தயாரிக்கிறார்கள் போல. அந்த மையம் செய்வது கட்டுப்பாடு அல்ல, தகவல் சொல்வது. கொழும்பில் 1988-ல் தொடங்கியதும், டெல்லி எய்ம்ஸில் 1995-ல் தொடங்கியதும் தங்களைத் தகவல் மையம் என்றுதான் சொல்லிக்கொள்கின்றன. அதனால் நச்சுத் தகவல் மையம் என்பதே சரி. எய்ம்ஸ் மையத்தின் கட்டணமில்லா எண் 1800 116 117, இருபத்துநாலு மணி நேரமும். மயக்கமோ வலிப்போ மூச்சுத் திணறலோ இருந்தால் இதுவெல்லாம் அப்புறம், முதலில் 108.

அழைத்தால் என்ன கேட்பார்கள்? என்ன பொருள், எவ்வளவு, எப்போது, ஆளின் வயதும் எடையும், இப்போது எப்படி இருக்கிறார். பாட்டிலைத் தூக்கிப் போடாமல் கையில் வைத்திருங்கள். பெரியப்பா விஷயத்தில் பாட்டில் இருந்தும் பயனில்லை, அதில் இருமல் டானிக் லேபிள். பக்கத்து வீட்டிலிருந்து ஒருவர் உப்புக் கரைசலோடு ஓடிவந்தார், இன்னொருவர் சாணியைக் கரைக்கச் சொன்னார். இரண்டுமே கூடாது. வாந்தி எடுக்க வைப்பதும் கூடாது, முக்கியமாக மண்ணெண்ணெய், தின்னர், ஆசிட் மாதிரி விஷயங்களில் அது திரும்ப மேலே வரும்போது நுரையீரலையும் தொண்டையையும் இன்னொரு முறை கெடுக்கும். நல்ல வேளை, எங்கள் பெரியம்மா சத்தம் போட்டு எல்லோரையும் விலக்கி ஆட்டோவைக் கூப்பிட்டாள்.

கடைசியாக ஆன்டிடோட். 'மாற்று மருந்து' என்றால் சித்தா, ஹோமியோபதி பக்கம் போகிறது மனசு. முறிமருந்து, நச்சுமுறி இரண்டும் நல்ல சொற்கள், பாம்புக்கடிக்கு விஷமுறிவு ஊசி என்று சனங்களே சொல்கிறார்கள், முறி என்ற வினை ஏற்கெனவே வாயில் இருக்கிறது. பெரியப்பாவுக்கு ஏற்றியது அட்ரோபின், அவர் குடித்த வகைப் பூச்சிக்கொல்லிக்கு அதுதான் முறி. அதுவே பெல்லடோனா என்ற நச்சுச் செடியிலிருந்து வந்தது, நம் ஊமத்தையிலும் அது உண்டு. மூன்றாம் நாள் அவர் கட்டில் விரிப்பிலிருந்து இல்லாத நூலைப் பிய்த்துப் பிய்த்துப் போட்டுக்கொண்டு, செத்துப்போன மாட்டைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். எங்களுக்குக் குலை நடுங்கியது. "ஊமத்தங்காய் தின்ன மாதிரிதான் இருக்கும், மருந்தைக் குறைச்சா சரியாயிடும்" என்று நர்ஸ் அம்மா சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போனார். அப்படியே ஆனது.

வீட்டுக்கு வந்ததும் பெரியம்மா செய்த முதல் வேலை, கொல்லையில் தனிப் பலகை அடித்து, இருக்கிற டப்பா எல்லாவற்றையும் அங்கே ஏற்றி, ஒவ்வொன்றிலும் மார்க்கர் பேனாவால் எழுதியது: 'வெசம்'. நான் ஊருக்குப் போனபோது அதைப் பார்த்துவிட்டு, "நஞ்சுன்னு எழுதலாமே பெரியம்மா, அதுதான் நல்ல தமிழ்" என்றேன். அவள் மூடியைத் திருகி இறுக்கிக்கொண்டே சொன்னாள்: "நஞ்சுன்னு எழுதினா, மாடு கன்னு போட்டு நஞ்சு விழுந்திருச்சான்னு கேப்பாங்கடா."