கண் தாவும் நேரத்தில் ஒரு கட்

"படத்தில் ஒருவர் முகம் வருகிறது, சட்டென்று எதிரில் இருப்பவர் முகம். நிஜத்தில் இப்படி இடம் மாறினால் தலை சுற்றும். திரையில் மட்டும் ஏன் உறுத்தவில்லை?" சிங்கப்பூர் ஈசூனிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார்.

நொடிக்கு 24 பிரேம் ஓடுவது பள்ளியில் படித்ததுதான். விடை அங்கே இல்லை, நம் கண்ணில் இருக்கிறது.

கண் தாவித் தாவித்தான் பார்க்கிறது, நொடிக்கு மூன்று முறை வரை. ஒவ்வொரு தாவலிலும் விழித்திரையில் காட்சி கலங்கும். அந்தக் கலங்கலை மூளை நமக்குக் காட்டாமல் அமுக்கிவிடும். சோதிக்க ஆய்வகம் வேண்டாம். வடகிழக்குத் தட ரயில் லிட்டில் இந்தியா தாண்டியதும் கறுத்த சன்னலில் உங்கள் முகம் தெரியும். அதில் இடக்கண்ணையும் வலக்கண்ணையும் மாறி மாறிப் பாருங்கள். விழி நகர்வது உங்களுக்குத் தெரியவே தெரியாது. பக்கத்தில் இருப்பவருக்குத் தெரியும். இப்போது கைப்பேசியின் முன்பக்கக் கேமராவில் அதையே செய்யுங்கள். விழி ஓடுகிறது! கேமராவில் படம் சற்றுத் தாமதமாக வருவதால், தாவி முடித்த கண் அதைப் பார்த்துவிடுகிறது. கண் துடித்தால் சகுனம் பார்க்கிறோம். நாள் முழுக்க நடக்கும் இந்த அதிசயத்தைப் பிள்ளைகளுக்கு யாரும் காட்டுவதில்லையே என்பது என் ஆதங்கம்.

தேர்ந்த இயக்குநர் இந்தத் தாவலை நம்பித்தான் காட்சியைக் கட்டுகிறார். நடிகர் வலப்பக்கம் பார்த்தால் நம் கண்ணும் அங்கே கிளம்பும். அந்நேரம் கட், அதாவது ஒரு ஷாட் முடிந்து அடுத்தது தொடங்கும் வெட்டு, விழுந்தால், நாம் பார்க்க நினைத்ததே வந்து நிற்கும். நாற்காலியிலிருந்து எழும் அசைவின் நடுவே கட் செய்தாலும் அசைவு நம் கவனத்தை இழுத்துக்கொள்ளும். கட் வரும்போதெல்லாம் பொத்தானை அழுத்தச் சொன்ன ஒரு சோதனையில், இத்தகைய கட்களில் ஏறக்குறைய மூன்றில் ஒன்றைப் பார்வையாளர்கள் கவனிக்கவே இல்லை.

தனிப்பாணியும் இங்கேதான் பிறக்கிறது. அதே ரயிலில் அடுத்த நிலையம் டோபி காட். மேலே, பழைய திரையரங்கு இருந்த கேத்தே கட்டடம். 1943இல் பிரசாரப் படம் எடுக்கச் சிங்கப்பூருக்கு அனுப்பப்பட்ட ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசு, கைப்பற்றப்பட்ட ஹாலிவுட் படங்களை இந்த ஊரில்தான் பார்த்துத் தீர்த்தார். பேசும் இருவருக்கு நடுவே ஒரு கோடு உண்டு, கேமரா அதைத் தாண்டக்கூடாது என்பது ஹாலிவுட் விதி. ஓசு சிங்கப்பூர் வருமுன்பும் அதைத் தாண்டினார், பின்பும் தாண்டினார். கேமராவைத் தரையோடு தாழ்த்தி வைத்து, பேசும் இருவரையும் அடுத்தடுத்த ஷாட்டில் திரையின் ஒரே இடத்தில் உட்கார வைத்தார். ஆள் மாறினாலும் நம் கண் தாவ வேண்டியதில்லை. அவர் படங்களின் அமைதியில் பாதி, இப்படி ஓய்வெடுக்கும் கண்ணிலிருந்து வருகிறது என்பேன்.

இன்றிரவு வசந்தம் தொலைக்காட்சியின் நாடகம் ஒன்றை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். ஒவ்வொரு கட்டுக்கும் முன் யார் எந்தப் பக்கம் பார்க்கிறார் என்று மட்டும் கவனியுங்கள்.