இமயமலை ட்ரெக்: உங்கள் தலைவலி கைடுக்குத் தெரியாது

ட்ரெக்கிங் நிறுவனம் அனுப்பும் பயணத் திட்டத்தில் எல்லோரும் முதலில் பார்ப்பது படங்களையும் கட்டணத்தையும்தான். பார்க்க வேண்டியது, ஒவ்வொரு இரவும் தங்கும் இடத்தின் உயரம். அந்த எண்களை மட்டும் ஒரு தாளில் வரிசையாக எழுதி, ஓர் இரவுக்கும் அடுத்த இரவுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பக்கத்தில் குறித்துப் பாருங்கள். 3,000 மீட்டருக்கு மேல் போன பிறகு அந்த வித்தியாசம் சுமார் 500 மீட்டரைத் தாண்டக் கூடாது. மூன்று, நான்கு நாளுக்கு ஒருமுறை அதே இடத்தில் இன்னோர் இரவு தங்க வேண்டும். பகலில் எவ்வளவு ஏறி இறங்கினாலும் கணக்கு தூங்கும் உயரத்துக்குத்தான்.

எவரெஸ்ட் அடிவார முகாம் பாதையையே எடுத்துக்கொள்ளுங்கள். விமானம் இறங்கும் லுக்லா 2,860 மீட்டர். முதல் இரவு அதைவிடத் தாழ்வான பாக்டிங்கில், 2,610. அடுத்தது நாம்சே பஜார், 3,440. அங்கே இரண்டு இரவு. பிறகு தெங்போச்சே 3,860, திங்போச்சே 4,410. திங்போச்சேயிலும் இரண்டு இரவு. அதன்பின் லோபுச்சே 4,940, கோரக்ஷெப் 5,164. முகாம் இருப்பது 5,364 மீட்டரில். அதைப் பார்த்துவிட்டுக் கோரக்ஷெப்புக்கே திரும்பி வந்து தூங்குவார்கள். நாளைக் குறைத்து, விலையையும் குறைத்து விற்கும் திட்டங்கள் எதில் கைவைக்கும்? நாம்சேயிலும் திங்போச்சேயிலும் ‘சும்மா’ தங்குவதாகத் தெரியும் அந்த இரண்டு நாட்களில்தான். உண்மையில் அந்த நாட்களில் யாரும் படுத்துக் கிடப்பதில்லை. பக்கத்து மேட்டில் 300, 400 மீட்டர் ஏறி, சிறிது நேரம் இருந்துவிட்டு இறங்கி வந்து தூங்குவார்கள். அதற்குப் பிறகு வரும் உயரத்தை உடல் தாங்குவது பெரும்பாலும் இதனால்தான்.

எல்லாப் பாதைகளும் இவ்வளவு வசதியாக அமைவதில்லை. சிக்கிமின் கோயேச்சா லா பாதையில் சோகா சுமார் 3,050 மீட்டர், அடுத்த முகாமான ஜோங்ரி சுமார் 4,020. ஒரே நாளில் கிட்டத்தட்ட ஆயிரம் மீட்டர். விதியை மீறித்தான் ஆக வேண்டும் என்றால் மீறிய இடத்திலேயே ஈடுகட்ட வேண்டும். ஜோங்ரியில் கூடுதலாக ஓர் இரவு இல்லாத திட்டத்தை ஒதுக்கிவிடுங்கள். லடாக் பயணங்களில் சிக்கல் வேறு. கடல்மட்டத்திலிருந்து கிளம்பி, மதியத்துக்குள் சுமார் 3,500 மீட்டரில் இருக்கும் லேயில் விமானத்திலிருந்து இறங்கிவிடலாம். உடலுக்கு இது பெரிய அதிர்ச்சி. முதல் 48 மணி நேரம் ஊருக்குள் மெதுவாக நடப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மறுநாளே 5,359 மீட்டர் உயரக் கர்துங் லா கணவாய்க்கு வண்டியில் போய்ப் படம் எடுத்துக்கொள்ளும் பழக்கத்தை நாங்கள் யாருக்கும் பரிந்துரைப்பதில்லை.

உயரத்தில் உடலுக்கு என்ன ஆகிறது?

மேலே காற்றில் ஆக்சிஜனின் விகிதம் குறைவதில்லை. அங்கேயும் அது 21 சதவீதம்தான். குறைவது காற்றழுத்தம். 5,500 மீட்டரில் அது கடல்மட்டத்தில் இருப்பதில் பாதி. அதனால் ஒவ்வொரு மூச்சிலும் ரத்தத்துக்குப் போய்ச் சேரும் ஆக்சிஜனும் குறைகிறது. உடல் உடனே வேகமாக மூச்சுவிடத் தொடங்கும். அதில் கார்பன் டை ஆக்சைடு அதிகம் வெளியேறி ரத்தம் காரத்தன்மை அடைந்ததும், ‘போதும், மெதுவாக மூச்சுவிடு’ என்று மூளை தடுக்கும். சிறுநீரகம் பைகார்பனேட்டை வெளியேற்றிச் சமன் செய்தால்தான் அந்தத் தடை நீங்கும். அதற்குச் சில நாட்கள் ஆகும். மேலே அடிக்கடி சிறுநீர் கழிப்பதை ஒரு தொல்லையாக நினைக்காதீர்கள். உடல் ஒழுங்காக வேலை செய்கிறது என்று அர்த்தம். இரவில் மூச்சு சில விநாடி நின்று, பிறகு பெரிதாக இழுத்துத் தொடர்வதும் இதே இழுபறியின் விளைவுதான். பக்கத்தில் படுத்திருப்பவர் பயந்துபோவார். பெரும்பாலும் ஆபத்தில்லை.

இதற்கும் உடல் வலிமைக்கும் தொடர்பில்லை. உடல் உயரத்துக்குப் பழகாததால் வரும் உயர நோய் மாரத்தான் ஓடுபவருக்கும் வரும். சொல்லப்போனால் வேகமாக ஏறக்கூடிய இளைஞர்கள்தான் வேகமாக ஏறி மாட்டிக்கொள்கிறார்கள். பயிற்சி வேண்டாம் என்று சொல்லவில்லை. எட்டு முதல் பத்து வாரம் முதுகில் 6, 8 கிலோ பையுடன் படிக்கட்டு ஏறி இறங்குங்கள். இறங்குவதற்கு அதிக நேரம் கொடுங்கள், தொடையும் முழங்காலும் அங்கேதான் அடிவாங்கும். நுரையீரலை உயரத்துக்குப் பழக்கும் பயிற்சி மட்டும் சமவெளியில் கிடையாது. ஏற்கெனவே ஒருமுறை உயர நோய் வந்திருந்தால் மறுபடியும் வர வாய்ப்பு அதிகம். அதை மறைக்காமல் சொல்லுங்கள்.

மருத்துவச் சான்றிதழ் விஷயத்தில் எங்களுக்கு மனக்குறை உண்டு. ரத்த அழுத்தத்தை மட்டும் பார்க்கவைத்து, படிவத்தைப் படிக்காமலே மருத்துவரிடம் கையெழுத்து வாங்கிப் போகிறார்கள். இதய நோய், ஆஸ்துமா, வலிப்பு, சிக்கிள் செல் ரத்தக் குறைபாடு, கர்ப்பம் இவற்றில் எது இருந்தாலும் மருத்துவரிடம் விரிவாகப் பேச வேண்டும். ரத்த அழுத்த மாத்திரையை மலையில் நிறுத்தக் கூடாது. உயரத்தில் அழுத்தம் கூடத்தான் செய்யும். இன்சுலின் போடுபவர்கள் மருந்து உறையாமல் சட்டைக்குள் உடம்போடு ஒட்டி வைத்திருக்க வேண்டும். உறைந்து உருகிய இன்சுலினை நம்ப முடியாது. குளிரில் சர்க்கரை அளவு காட்டும் கருவியும் தவறாகக் காட்டலாம்.

டயமாக்ஸ் பற்றிக் கேட்காதவர்களே இல்லை. அசெட்டசோலமைடு என்ற இந்த மருந்து நோயை மூடி மறைப்பதில்லை. மேலே சொன்ன சிறுநீரக வேலையைத் துரிதப்படுத்துகிறது, அவ்வளவுதான். தடுப்புக்கு 125 மி.கி., அதாவது 250 மி.கி. மாத்திரையில் பாதி, காலையும் மாலையும். ஏறத் தொடங்குவதற்கு முந்தைய நாளே ஆரம்பிக்க வேண்டும். விரல் நுனி மரத்துக் குறுகுறுக்கும், சோடா குடித்தால் சப்பென்றிருக்கும். இரண்டுக்கும் பயப்பட வேண்டாம். சல்ஃபா ஒவ்வாமை உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் தொடக் கூடாது. மற்றவர்களும் ஊரிலேயே ஒருநாள் போட்டுப் பார்த்துவிடுவது நல்லது. டெக்ஸாமெதசோன் என்ற ஸ்டீராய்டு மருந்தின் கதை வேறு. அது அறிகுறியை அடக்கும். உடலை உயரத்துக்குப் பழக்காது. அதைப் போட்டுக்கொண்டு மேலே ஏறுவது ஆபத்தான விளையாட்டு. தூக்க மாத்திரையும் மதுவும் மூச்சை மந்தமாக்கும். மேலே இரண்டும் வேண்டாம்.

சாப்பாட்டு டென்ட்டில் நடக்கும் நாடகம்

‘கூட கைடு வருகிறாரே, அவர் பார்த்துக்கொள்வார்’ என்பதுதான் வழிகாட்டியோடு போகும் ட்ரெக்கில் பெரிய மயக்கம். கைடுக்கு உங்கள் நடை தெரியும், சாப்பிட்ட அளவு தெரியும். தலைவலி நீங்கள் சொன்னால்தான் தெரியும். சாயங்காலம் டென்ட்டில், விரலில் மாட்டி ரத்தத்தின் ஆக்சிஜன் அளவைப் பார்க்கும் ஆக்சிமீட்டர் சுற்றி வரும்போது பாருங்கள்: தன் முறை வருவதற்குள் ஒருவர் உள்ளங்கையைப் பரபரவென்று தேய்ப்பார், இன்னொருவர் திரும்பி நின்று ஆழமாக மூச்சு இழுத்துவிடுவார். 78 ஒரு நிமிடத்தில் 86 ஆகிவிடும். தேர்வில் தேறிய சந்தோஷம்! ஏமாந்தது யார்? கை குளிர்ந்திருந்தாலோ நகப்பூச்சு இருந்தாலோ எண் தவறாகக் குறைந்து காட்டும் என்பது உண்மைதான். அதனால் கையைச் சூடாக்கிக்கொள்ளுங்கள், ஐந்து நிமிடம் உட்கார்ந்து இயல்பாக மூச்சுவிட்டபடி அளவெடுங்கள். 4,000 மீட்டருக்கு மேல் 80 முதல் 90 வரை காட்டுவது சகஜம். ஒற்றை எண்ணை வைத்து முடிவெடுக்க முடியாது. கூட இருப்பவர்களை எல்லாம்விட ஒருவருக்கு மட்டும் மிகவும் குறைந்திருந்தால் அவரைக் கவனிக்க வேண்டும்.

எண்ணைவிடக் கேள்விகள் உதவும். 2018-ல் திருத்தப்பட்ட லேக் லூயிஸ் மதிப்பெண் முறையில் நான்கே கேள்விகள்: தலைவலி, குமட்டலோ பசியின்மையோ, அசதி, தலைசுற்றல். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை. தலைவலி இருந்து மொத்தம் 3 அல்லது அதற்கு மேல் வந்தால் உயர நோய் என்றே எடுத்துக்கொள்ள வேண்டும். ஏறிய களைப்போடு குழப்பிக்கொள்ளாமல் இருக்க, புதிய உயரத்துக்கு வந்து ஆறு மணி நேரம் கழித்துக் கணக்கிடுங்கள். லேசானதென்றால் அங்கேயே தங்கி, பாராசிட்டமால் போட்டு, தண்ணீர் குடித்து, ஓய்வெடுத்தால் ஒன்றிரண்டு நாளில் சரியாகும். மாத்திரை போட்டுத் தலைவலியை அடக்கிக்கொண்டு மறுநாள் மேலே ஏறுவதுதான் தவறு. அறிகுறி இருக்கும்வரை மேலே போகக் கூடாது. கூடிக்கொண்டே போனால் இறங்க வேண்டும்.

தண்ணீர் விஷயத்திலும் அளவு வேண்டும். டீ, சூப் எல்லாம் சேர்த்து நாளுக்கு மூன்று, நான்கு லிட்டர் போதும். சிறுநீர் வெளிர்மஞ்சளாக இருந்தால் சரி. வெறும் தண்ணீரை லிட்டர் லிட்டராக ஊற்றிக்கொண்டால் ரத்தத்தில் சோடியம் குறைந்து அதற்கும் தலைவலி, வாந்தி வரும்.

உயிரெடுக்கும் இரண்டு

உயர நோய் முற்றி மூளை வீக்கம் வந்தால் முதலில் போவது நிதானம். உணவைத் தொடமாட்டார், கையுறையை மாற்றி மாட்டுவார், கேட்ட கேள்விக்குச் சம்பந்தமில்லாமல் பதில் சொல்வார். கூட இருப்பவர்கள் ‘பாவம், களைப்பு’ என்று தூங்க விட்டுவிடுவார்கள். அப்படி விட்டுவிடாமல் எழுப்பி, சமதரையில் ஒரு காலின் குதிகாலை மறுகாலின் பெருவிரலோடு ஒட்டி வைத்து, நேர்கோட்டில் பத்து அடி நடக்கச் சொல்லுங்கள். பக்கத்தில் நல்ல நிலையில் உள்ள ஒருவரையும் நடக்கவிட்டு ஒப்பிடுங்கள். தள்ளாடினால் காலைவரை காத்திருக்க நேரமில்லை. டெக்ஸாமெதசோன் 8 மி.கி. கொடுத்து, பிறகு ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை 4 மி.கி. என்று தொடர்ந்தபடி இறக்க வேண்டும்.

நுரையீரலில் நீர் கோத்துக்கொள்வது இதைவிட ஏமாற்றும். உயர நோயில் அதிகம் பேர் இறப்பது இதனால்தான். பெரும்பாலும் புதிய உயரத்துக்கு வந்த இரண்டாம் இரவில் தொடங்கும். தலைவலி இல்லாமலே வரலாம். நேற்றுவரை முன்னால் நடந்தவர் இன்று கடைசியாக வருவார். வறட்டு இருமல். உட்கார்ந்து பத்து நிமிடம் ஆன பிறகும் மூச்சு அடங்காது. லேசாகக் காய்ச்சலும் இருக்கும் என்பதால் சளி, ஜலதோஷம் என்று நினைத்துவிடுகிறார்கள். உதடு நீலம் பாரித்து, இளஞ்சிவப்பாக நுரைத்த சளி வரும்போது நேரம் கைமீறியிருக்கும். இவரை நடக்கவைக்கக் கூடாது. குளிரும் உடல் உழைப்பும் நுரையீரல் ரத்தக் குழாய்களில் அழுத்தத்தைக் கூட்டும். போர்த்தி, உட்காரவைத்து, ஆக்சிஜன் கொடுத்து, குதிரையிலோ முதுகிலோ இறக்குங்கள். இரண்டு நோய்க்கும் மருந்து 300 முதல் 1,000 மீட்டர் இறக்கம்தான். ஹெலிகாப்டர் இரவில் வராது, மேகம் மூடினால் பகலிலும் வராது. நோயாளியை ஒருபோதும் தனியாக அனுப்பாதீர்கள்.

ஆக்சிஜன் இருக்கிறது என்று நிறுவனம் சொன்னால் எத்தனை லிட்டர் என்று கேளுங்கள். கடைகளில் விற்கும் 10 லிட்டர் ஸ்ப்ரே கேன், நிமிடத்துக்கு 2 லிட்டர் வீதம் ஐந்தே நிமிடம். 400 லிட்டர் சிலிண்டர் அதே வேகத்தில் மூன்று மணி இருபது நிமிடம் வரும். சாலைக்கு இறங்க எத்தனை மணி நேரம் ஆகும் என்பதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள்.

இன்னும் கேட்க வேண்டியவை உண்டு. குழுவில் இரண்டாவது கைடு இருக்கிறாரா? ஒருவர்தான் என்றால், ஒருவருக்கு முடியாமல் போகும்போது மொத்தக் குழுவும் இறங்க வேண்டும், அல்லது நோயாளி மேலேயே கிடக்க வேண்டும். அந்தக் குற்ற உணர்வில்தான் பலர் வாயைத் திறப்பதில்லை. கைடு மலையேற்றப் பயிற்சியும் முதலுதவிப் பயிற்சியும் எங்கே முடித்தார்? மதியம் எத்தனை மணிக்கு மேல் கணவாயை நோக்கி ஏறமாட்டார்கள்? 2024 ஜூனில் உத்தராகண்டின் சகஸ்த்ரதால் பாதையில் மோசமான வானிலையில் சிக்கி 9 பேர் இறந்தார்கள். பனியும் காற்றும் திடீரென வரும் என்பது அங்கே நடப்பவர்கள் எல்லோருக்கும் தெரிந்ததுதான், ஆனாலும் திரும்பும் நேரத்தை முன்பே முடிவு செய்யாத குழுக்கள் இன்னும் இருக்கின்றன. பருத்தி உடை நனைந்தால் காயாது, உடல் சூட்டை உறிஞ்சும். உள்ளாடைவரை கம்பளியோ செயற்கை இழையோதான் வேண்டும். நடுக்கம் நின்றுவிட்டதே என்று நிம்மதி அடையாதீர்கள், உடல் வெப்பம் மிகவும் இறங்கினால் நடுக்கம் நின்றுபோகும்.

காப்பீட்டில் உயர வரம்பு எவ்வளவு என்ற ஒரே வரியைத் தேடிப் படியுங்கள். பல பாலிசிகள் நீங்கள் போகும் உயரத்துக்குக் கீழேயே நின்றுவிடும். இந்தியாவில் தொலைத்தொடர்புத் துறை அனுமதியில்லாமல் சாட்டிலைட் போன் வைத்திருப்பது குற்றம். சாட்டிலைட் வழியாகச் செய்தி அனுப்பும் கருவிகளையும் பையில் போட்டுக்கொண்டு போகாதீர்கள்.

போர்ட்டர்களையும் இதே கண்ணோடு பாருங்கள். அவர்களில் பலர் தாழ்வான பள்ளத்தாக்குகளிலிருந்து வேலைக்கு வருபவர்கள். உயரம் அவர்களையும் விடாது. ஒருவர் முதுகில் 30 கிலோவுக்கு மேல் ஏற்றும் குழுவில் சேராதீர்கள். முடியாமல் போன போர்ட்டருக்குக் கூலியைக் கொடுத்துத் தனியாகக் கீழே அனுப்பினால் தட்டிக் கேளுங்கள். உங்களுக்கு முடியாமல் போனால் கூட ஓர் ஆளை அனுப்புவார்கள் அல்லவா, போர்ட்டருக்கும் அது வேண்டும்.

ஊர் திரும்பியதும் எந்த உயரத்தில், எந்த நாளில், என்ன அறிகுறி வந்தது, எதில் சரியானது என்று எழுதி வையுங்கள். நுரையீரலில் நீர் கோத்தவராக இருந்தால் அடுத்த ட்ரெக்கை முடிவு செய்வதற்கு முன் அந்தக் குறிப்போடு மருத்துவரைப் பாருங்கள். இவர்களுக்கு நிஃபெடிபின் போன்ற தடுப்பு மருந்து தேவைப்படலாம். ஏறும் வேகத்தையும் மற்றவர்களைவிடக் குறைவாகத் திட்டமிட வேண்டியிருக்கும்.